கார்பைனில் லைட் மாட்டியாச்சு, இருட்டில் எப்படிப் பழகுவது?

இருள்விழி:
ஒரு வருஷமாகப் பகலில் மட்டும்தான் சுட்டுப் பழகியிருக்கிறேன். போன மாதம் கார்பைனில் (குட்டைக் குழல் ரைபிள்) 1,000 லுமென் லைட் மாட்டினேன், வயர் வைத்த பிரஷர் பேடும் (விரலால் அழுத்தினால் லைட் எரியும் பட்டைச் சுவிட்ச்) உண்டு. முதல்முறை இரவுப் பயிற்சிக்குப் போனதில் எல்லாமே குழம்பிவிட்டது. சுடும்போது பிடி இறுக இறுக கட்டைவிரல் பேடை விட்டு நகர்ந்து லைட் அணைகிறது, தடவிக் கண்டுபிடிப்பதற்குள் இலக்கு எங்கே என்றே மறந்துபோகிறது. அதைவிட மோசம், நடுவில் சுடக்கூடாத அட்டை ஒன்று வைத்திருந்தார்கள், கையில் மொபைல் பிடித்த ஆள் படம். அது என்ன என்று பார்ப்பதற்காக நேராக அதன் நெஞ்சுக்கே குழலை நீட்டி லைட் அடித்திருக்கிறேன். பயிற்சியாளர் உடனே நிறுத்தினார். இன்னும் மனசை உறுத்துகிறது. எங்கிருந்து ஆரம்பிக்கலாம்?

கரும்பாறை:
தம்பி, அந்த அட்டை விஷயத்தை முதலில் சரிசெய்யுங்கள், சுவிட்ச் அப்புறம். துப்பாக்கியில் மாட்டிய லைட் எங்கே பார்க்கிறதோ அங்கேதான் குழல்வாயும் பார்க்கும். அதனால் அதை வைத்து எதையும் தேடாதீர்கள், தேடுவதற்குத் தனியாக ஒரு கை டார்ச் இடுப்பில் இருக்கட்டும். கார்பைன் கையில் இருக்கும்போதே ஆளைப் பார்க்க வேண்டியிருந்தால், குழலைத் தாழ்த்தி, அவர் பாதத்துக்கு இரண்டு மூன்றடி முன்னால் தரையில் வெளிச்சத்தைப் போடுங்கள். 1,000 லுமென் தரையில் பட்டுச் சிதறினால் சாதாரண அறையில் முகம், கை, கையில் இருப்பது எல்லாம் தெரியும். கறுப்புத் தரையில் கொஞ்சம் குறையும். கூரையில் அடிக்கவும் சிலர் சொல்லித்தருவார்கள், மேல்மாடியில் ஆள் இருக்கும் கட்டடத்தில் நான் அதைச் செய்யவே மாட்டேன்.

இதை வீட்டிலேயே பழகலாம். தோட்டா அடுக்கும் மேகசினை எடுத்துவிட்டு, சேம்பரை, அதாவது குழலின் பின்முனையில் தோட்டா உட்காரும் இடத்தை, கண்ணால் பார்த்து விரலாலும் தடவி உறுதிசெய்து, தோட்டாக்களை வேறு அறையில் வைத்துவிட்டு ஆரம்பியுங்கள். சுவரில் நெஞ்சு உயரத்தில் எண்கள் எழுதிய தாள்களை ஒட்டி, விளக்கை அணைத்து, தரை வெளிச்சத்தில் மட்டும் படியுங்கள். படித்து முடிக்கும் வரை குழல் மேலே வரக்கூடாது, சுட்டுவிரல் ட்ரிகருக்கு மேலே நேராக நீட்டியே இருக்கணும். ஒரு கை சுவிட்சை இறுக்கி அழுத்தும்போது இன்னொரு கையின் விரலும் தன்னையறியாமல் மடங்கப் பார்க்கும், அதை இங்கேதான் கவனித்துத் திருத்த முடியும்.

வெள்ளைவட்டம்:
பேடை எங்கே ஒட்டுவது என்று கண்ணால் பார்த்து முடிவுசெய்திருப்பீர்கள். கண்ணை மூடிக்கொண்டு பத்து தடவை தோளுக்கு ஏற்றுங்கள், இடதுகைக் கட்டைவிரல் எங்கே போய் உட்காருகிறதோ அங்கே ஒட்டுங்கள். என் கருத்தில் புதிதாகப் பழகுபவருக்கு வயரே வேண்டாம், லைட்டின் பின்பக்க பட்டன் போதும். வயர்தான் முதலில் அறுந்துபோகிற பாகம். அழுத்தும் வரை மட்டும் எரிவதை வழக்கமாக்குங்கள், மேகசின் மாற்றவோ கதவைத் திறக்கவோ கை நகரப்போகிறது என்றால், தொடர்ந்து எரியவிடுவதா, அணைத்துவிட்டு மறைவுக்கு நகர்வதா என்று முன்கூட்டியே தீர்மானித்து அதையும் சேர்த்துப் பழகுங்கள்.

லைட்டை முன்னால் தள்ளி மாட்டினால் குழலின் நிழல் வெளிச்சத்தை வெட்டாது, ஆனால் கண்ணாடியில் கரி சீக்கிரம் படியும். சுட்டு முடித்ததும் பென்சில் ரப்பரால் தேய்த்தால் போய்விடும். திருகு மேல் பெயிண்ட் பேனாவால் ஒரு கோடு இழுத்து வையுங்கள், அதிர்ச்சியில் தளர்ந்தால் கோடு விலகிக் காட்டிக்கொடுக்கும். சிஆர்123 பேட்டரி இரண்டு போடும் லைட் என்றால் பழையதையும் புதியதையும் கலக்காதீர்கள், லித்தியம் சூடேறி வெடிக்கக்கூடும்.

நிழல்கோடு:
ஒன்று விட்டுப்போச்சு. லுமெனை, அதாவது லைட் தரும் மொத்த வெளிச்சத்தை மட்டும் பார்க்காதீர்கள், தூரத்துக்குக் கேண்டெலாதான் கணக்கு, ஒரு திசையில் வெளிச்சம் எவ்வளவு குவிகிறது என்பதன் அளவு அது. 10,000 கேண்டெலா என்றால் 200 மீட்டரில் இருக்கும் பொருள் மேல் விழும் வெளிச்சம் 0.25 லக்ஸ், அதாவது ஏறக்குறைய முழுநிலா வெளிச்சம். தடுப்புப் பலகைக்குப் பின்னால் நின்று சுடும்போது லைட் இருக்கும் பக்கத்தைக் கவனியுங்கள், பலகை விளிம்பில் வெளிச்சம் பட்டால் அத்தனையும் உங்கள் கண்ணுக்கே திரும்பும். அப்படி ஒருமுறை கண் கூசிவிட்டால் இருட்டுக்கு முழுசாகப் பழக மறுபடி 20, 30 நிமிடம் ஆகும்.

இருள்விழி:
அண்ணே, மூன்று பேருக்கும் நன்றி. பேடைக் கழற்றிவிட்டேன். ஐந்து நாளாக ராத்திரி பத்து நிமிடம் தாள் படிக்கிறேன், முதல் நாள் இரண்டு தடவை குழல் தானாக மேலே ஏறியது, நேற்று ஏறவில்லை. பக்கவாட்டில் இருக்கும் தாளைப் படிக்கத் திரும்பும்போது லைட்டை எரியவிட்டபடியே திரும்பலாமா?

கரும்பாறை:
அணைத்துவிட்டு, குழலைத் தாழ்த்தி, முதலில் தலை, அப்புறம் உடம்பு, நின்ற பிறகு லைட். எரியவிட்டுத் திரும்பினால் நடுவில் இருக்கிற அத்தனை பேர் மேலும் அது ஓடும்.