விடுதலைத் தீர்ப்பை எதிர்த்து மேல்முறையீடு: விவரம் தெரிந்தவர்கள் உதவ வேண்டும்

வணக்கம். 2019-ல் என் அப்பாவை இரண்டு பேர் அரிவாளால் வெட்டினார்கள். கொலை முயற்சி வழக்கு. போன மாதம் அமர்வு நீதிமன்றம் இருவரையும் விடுதலை செய்துவிட்டது. அப்பாவின் சாட்சியத்துக்கும் போலீசிடம் முதலில் கொடுத்த வாக்குமூலத்துக்கும் இடையே நேரத்தில் முரண்பாடு இருக்கிறது, அதனால் சந்தேகத்தின் பலன் குற்றம் சாட்டப்பட்டவர்களுக்கு என்று தீர்ப்பில் எழுதியிருக்கிறார்கள். காயச் சான்றிதழைப் பற்றி ஒரே ஒரு வரிதான். அதுதான் மனதை அறுக்கிறது.

நான் படித்துத் தெரிந்துகொண்டது இவ்வளவு: குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 2009 திருத்தத்துக்குப் பிறகு பாதிக்கப்பட்டவரே மேல்முறையீடு செய்யலாம். அதற்கு உயர்நீதிமன்றத்தின் முன் அனுமதி தேவையில்லை என்று 2018-ல் மல்லிகார்ஜுன் கோடகலி வழக்கில் உச்சநீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆனால் 2007-ல் சந்திரப்பா வழக்கில் உச்சநீதிமன்றம் கொடுத்த தீர்ப்பைப் படித்ததும் தயக்கம் வந்துவிட்டது. மேல்முறையீட்டு நீதிமன்றம் சாட்சியங்களை முழுமையாக மறுபடி ஆராயலாம், சரி. ஆனால் ஒரே சாட்சியத்திலிருந்து நியாயமான இரண்டு முடிவுகளுக்கு வர முடியுமானால் விடுதலையில் கைவைக்கக் கூடாதாம். விடுதலையானவர் நிரபராதி என்ற அனுமானம் இன்னும் வலுவாகிவிடுகிறதாம். நிரபராதிகளைக் காக்க அது தேவைதான், மறுக்கவில்லை.

காயம்பட்ட சாட்சியையும் மருத்துவச் சான்றையும் சரியாகப் பார்க்காமல் விட்டது, தீர்ப்பையே மாற்றும் அளவுக்குப் பெரிய பிழையாக எடுத்துக்கொள்ளப்படுமா? அப்புறம், அரசுத் தரப்பும் மேல்முறையீடு செய்ய வேண்டும் என்று யாரிடம் மனு கொடுப்பது? மதுரைக் கிளையில் இப்படி வழக்கு நடத்திய வக்கீல்கள் இருந்தால் தயவுசெய்து சொல்லுங்கள். அப்பாவுக்கு வலது கை இன்னும் முழுதாக மடங்கவில்லை.