கிளேஸ் என்பதற்கு ‘மெருகு’: பன்றிக்கறிச் சமையலை முன்வைத்து ஒரு முன்மொழிவு

குழும நண்பர்களுக்கு வணக்கம்.

சூட்டடுப்பில் (oven) சுட்ட பன்றிக்கறியின் மேல் இனிப்புக் கலவையைத் தடவிப் பளபளப்பாக்கும் முறைக்கு, அதாவது சமையல் நூல்களில் கிளேஸ் (glaze) எனப்படுவதற்குத் தமிழில் என்ன சொல்லலாம் என்ற கேள்விக்கு, இந்த இழையில் மூன்று சொற்கள் வந்திருக்கின்றன. கடலூர் நண்பர் ‘பாகுப்பூச்சு’ என்றார். புதுவையில் பிரெஞ்சு கற்பிக்கும் நண்பர் ‘அரக்கு’ என்றார். இன்னொருவர் ‘மினுக்கு’ என்றார். நான் ‘மெருகு’ என்ற சொல்லை முன்வைக்கிறேன். வீட்டு அடுப்படியில் நடக்கும் வேலையை ஒருமுறை நிதானமாகப் பார்த்துவிட்டுச் சொல்லுக்கு வந்தால் என் காரணம் விளங்கும் என்பதால், முதலில் சமையலையே எழுதுகிறேன்.

பன்றியின் தோள்பட்டைக் கறியையோ தொடைக்கறியையோ முழுத்துண்டாக வாங்கி, மேலிருக்கும் கொழுப்பில் கத்தியால் சாய்சதுரக் கட்டங்களாகக் கீறி, உப்பும் மிளகும் தேய்த்து, ஏறத்தாழ 160 பாகை செல்சியஸ் சூட்டில் சூட்டடுப்புக்குள் வைக்கிறோம். கறி வெந்து முடிய இன்னும் இருபது, முப்பது நிமிடம் இருக்கும்போதுதான் இனிப்புக் கலவைக்கு வேலை வருகிறது. வெல்லம், கடுகு விழுது, ஆரஞ்சுச் சாறு, சிறிது காடி (வினிகர்), இடித்த கிராம்பு ஆகியவற்றைச் சிறுதீயில் கொதிக்கவிட்டு, விரல்களுக்கிடையே கம்பி விழாமல் ஒட்டுகிற பிசுக்குப் பதத்தில் இறக்கி, தூரிகையால் தடவுகிறோம். முதல் தடவலில் கலவை கீறல்களுக்குள் ஓடி இறங்கிவிடும். மேற்பரப்பு நனைந்தாற்போல் மட்டுமே தெரியும். அடுத்தடுத்த தடவல்களில் நீர் வற்றி, விளிம்புகளில் நுண்குமிழிகள் எழுந்து, ஒவ்வொரு கட்டத்தின் மேடும் செம்பழுப்பாக மாறுகிறது. வெளியே எடுத்து வைத்ததும் குமிழிகள் அடங்கி, ஒளிபுகும் மெல்லிய ஏடு ஒன்று கறியோடு ஒட்டி நிற்கிறது. நாம் முதன்மையாகப் பெயரிட வேண்டியது இந்த ஏட்டுக்குத்தான்.

தொடக்கத்திலேயே தடவினால் என்ன என்று சிலர் கேட்டிருந்தீர்கள். சர்க்கரை கருகிக் கசந்துவிடும். வெள்ளைச் சர்க்கரை ஏறத்தாழ 160 பாகையில் நிறம் மாறத் தொடங்குகிறது. தேனில் மிகுந்துள்ள பிரக்டோசு என்னும் சர்க்கரை 110 பாகையளவிலேயே மாறத் தொடங்கிவிடுகிறது. ஆகவே தேன் சேர்த்த கலவையை இன்னும் பிந்தித் தடவ வேண்டும். நிறத்துக்கும் மணத்துக்கும் சர்க்கரை மட்டும் காரணமன்று. கறியின் புரதக்கூறுகளும் குளுக்கோசு போன்ற சர்க்கரைகளும் வெப்பத்தில் ஒன்றோடொன்று வினைபுரிவதும் ஒரு காரணமாகும். பிரெஞ்சு வேதியியலாளர் லூயி கமில் மையார் 1912இல் விவரித்த அந்த வினை அவர் பெயராலேயே வழங்குகிறது.

இனிச் சொல்லுக்கு வருகிறேன். இந்தச் சமையலில் பெயர் வேண்டியவை மூன்று: தடவுகிற கலவை, தடவுகிற செயல், தடவியபின் கிடைக்கிற மேற்பரப்பு. ஆங்கிலம் மூன்றுக்கும் ஒரே சொல்லை வைத்துக்கொண்டு ஓட்டுகிறது. தமிழில் ஒரே வேரிலிருந்து மூன்றும் கிளைக்குமானால் சமையற் குறிப்பு எழுதுவோருக்கு எளிதாக இருக்கும். அத்துடன், அந்த வேர் இனிப்பை மட்டும் சுட்டுவதாக இருக்கக் கூடாது. எலும்புச் சாற்றைக் கெட்டியாகும்வரை வற்றவைத்துக் கறிமேல் தடவும் பிரெஞ்சு முறையும் கிளேஸ்தான்; அதில் சர்க்கரையே இல்லை.

‘பாகுப்பூச்சு’ எல்லாருக்கும் உடனே புரிகிற சொல் என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் பாகு என்றதும் நம் மனத்தில் வருவது வேறொரு பொருள். இனிப்புச் சேவுக்குப் பாகு காய்ச்சி, சேவைக் கொட்டிப் புரட்டும்போது, பாகு ஆறி வெள்ளையாகப் படிந்துவிடுகிறது. பாகு பூத்துவிட்டது என்று வீட்டில் சொல்வார்களே, அதுதான். அங்கே சர்க்கரை மீண்டும் படிகமாகிறது, அப்படி ஆக வேண்டும் என்பதே அந்தப் பலகாரத்தின் நோக்கம். கிளேஸில் நடப்பது இதற்கு நேர்மாறானது. சர்க்கரை படிகமாகாமல் தடுத்தால்தான் பளபளப்பு நிற்கும். காடியையும் ஆரஞ்சுச் சாற்றையும் சேர்ப்பது சுவைக்காக மட்டுமன்று. அவற்றிலுள்ள அமிலம் சர்க்கரையின் ஒரு பகுதியைக் குளுக்கோசாகவும் பிரக்டோசாகவும் பிரித்துவிடுவதால், மிச்சமுள்ள சர்க்கரை ஒன்றுகூடிப் படிகமாக முடிவதில்லை. குலாப் ஜாமூன் பாகில் நம் வீடுகளில் எலுமிச்சைச் சாறு சில துளி பிழிவதும் இதே காரணத்துக்காகத்தான். வெல்லத்தில் பிரிந்த சர்க்கரை இயல்பாகவே ஓரளவு இருக்கிறது. எனவே வெள்ளைச் சர்க்கரையைவிட வெல்லம் இந்த வேலைக்கு நன்றாக ஒத்துழைக்கிறது. 1842 முதல் நெல்லிக்குப்பத்தில் ஆலைச் சர்க்கரை எடுக்கும் கடலூர் மாவட்டத்தில் இருந்துகொண்டு, பன்றிக்கறிக்கு வெல்லமே மேல் என்று நான் தயங்காமல் சொல்வேன்.

ஆக, பூத்து வெளுக்கிற மேற்பரப்புக்கும் ஒளிபுகும் மேற்பரப்புக்கும் ஒரே பெயரை வைத்தால், படிப்பவர் கம்பிப் பதம்வரை பாகைக் காய்ச்சிவிடுவார். கறி மேல் அது மணல்மணலாக உறையும். பூச்சு என்ற சொல்லைக் கேக்கின் மேலிடும் ஐசிங்குக்கு விட்டுவைப்பது நல்லது. அது உண்மையிலேயே பூச்சு, அடியிலுள்ளதை மறைக்கிறது. கிளேஸ் மறைப்பதில்லை. கீறிய கட்டங்களும் கொழுப்பின் நிறமும் அதனூடே தெரிய வேண்டும்.

‘அரக்கு’ என்பதை முன்மொழிந்தவரின் காரணம் என்னை வெகுவாகக் கவர்ந்தது. சீனர்களின் சார் சியூ என்ற, இனிப்புத் தடவிச் சுட்ட பன்றிக்கறியைப் பிரெஞ்சுக்காரர்கள் ‘போர் லக்கே’ என்கிறார்கள், அதாவது அரக்குப் பூசிய பன்றிக்கறி. அரக்கு பூசிய மரச்சாமானின் செம்பழுப்பு ஒளியைக் கண்டவர்களுக்கு அந்தப் பெயரின் பொருத்தம் தெரியும். இந்தோசீனாவில் வேலை பார்த்துத் திரும்பிய குடும்பங்கள் வழியாக வியட்நாமியப் பலகாரங்களை அறிந்த புதுவைக்கு இப்படிப்பட்ட சமையலும் அயலானதன்று. ஆனால் தமிழில் அரக்கு என்றால் தபால் உறைக்கு முத்திரையிடுவது நினைவுக்கு வருகிறது. உண்ணத்தக்கது என்ற எண்ணமே எழுவதில்லை. அதோடு அரக்கு ஒரு நிறத்தின் பெயராகவும் வேரூன்றிவிட்டது. ஆரஞ்சுச் சாறும் தேனும் மட்டும் சேர்த்துப் பொன்னிறமாக முடித்த கறியை அரக்கிட்டது என்று எழுதினால் முரணாகும். மேலும், வியட்நாமிய முறையில் சர்க்கரையைக் கருக்கி, இளநீரில் பன்றிக்கறியை வேகவைக்கும் குழம்பும் அதே அடர்நிறத்தில்தான் இருக்கிறது. அது கிளேஸே இல்லை, ஏனெனில் அங்கே இனிப்பு குழம்போடு கலந்திருக்கிறது, ஏடாக நிற்கவில்லை. நிறத்தை வைத்துப் பெயரிட்டால் இவ்விரண்டும் ஒன்றாகிவிடும்.

‘மினுக்கு’ பேச்சில் ஒப்பனையையும் பகட்டையும் சுட்டுவதால் அதை விட்டுவிடலாம்.

‘மெருகு’ என்பதற்கு வலுவான முன்வழக்கு இருக்கிறது. மரத்தின் மேல் தடவும் வார்னிஷைத் தமிழில் மெருகெண்ணெய் என்று நெடுங்காலமாக எழுதி வருகிறோம். தூரிகையால் தடவி, உலரவிட்டு, அடியிலுள்ளது தெரியும்படி ஒளியேற்றும் ஒரு பொருளுக்கு இச்சொல் ஏற்கெனவே பழகியிருக்கிறது. இன்னொரு துறையும் நமக்கு அருகிலேயே இருக்கிறது. விருத்தாசலத்தின் பீங்கான் தொழிற்கூடங்களும், ரே மீக்கரும் டெபோரா ஸ்மித்தும் 1971இல் புதுச்சேரியில் தொடங்கிய கோல்டன் பிரிட்ஜ் பாட்டரி என்ற மட்கலக் கூடமும் மண்கலத்தின் மேல் இடுவதும் கிளேஸ்தான். அங்கே சிலிக்கா 1000 பாகைக்கு மேல் உருகி, படிகமாகாமல் ஆறிக் கண்ணாடியாகிறது. கறியின் மேல் அதே வேலையைச் சர்க்கரை குறைந்த சூட்டில் செய்கிறது. இரண்டும் படிகமற்ற திண்ம ஏடுகள் என்பதால், இரு துறைக்கும் ஒரே வேர்ச்சொல்லை வைப்பது வெறும் ஒப்புமையாக நிற்காது. அறிவியல்படியும் சரியாக அமையும். கலைச்சொல் ஆக்கத்தில் இப்படியொரு பொருத்தம் எளிதில் வாய்ப்பதில்லை.

மெருகு என்பது பொன்னைத் தேய்த்து ஒளியேற்றுவதைத்தானே குறிக்கும் என்ற ஒரு நண்பரின் மறுப்பு நியாயமானது. அதற்காகவே வினையை வேறுபடுத்தலாம் என்கிறேன். தேய்த்துச் செய்வதும், நடையை மெருகேற்றுவது போன்ற உருவக வழக்கும் ‘மெருகேற்று’ என்றே இருக்கட்டும். தடவிச் செய்வது ‘மெருகிடு’ ஆகட்டும். உப்பிடு, வண்ணமிடு, மையிடு என்பவற்றில் உள்ள ‘இடு’ மேலிருந்து ஒன்றைச் சேர்க்கும் பொருளைத் தெளிவாகத் தருகிறது. கலவைக்கு, அது இனிப்பானால் ‘மெருகுப்பாகு’, எலும்புச் சாறானால் ‘மெருகுச்சாறு’. பாகு என்ற சொல்லை முழுவதுமாகத் துறக்காமல், உரிய இடத்தில் வைத்துக்கொள்ள இது வழி தருகிறது. கடலூர் நண்பர் இதனை ஏற்பார் என்று நம்புகிறேன்.

பேக் செய்வதை ‘வெதுப்புதல்’ என்பதா ‘சுடுதல்’ என்பதா என்ற பழைய விவாதத்தை இங்கே மீண்டும் திறக்க வேண்டியதில்லை. வெதுப்பகம் என்ற சொல் ரொட்டிக்கு நிலைத்துவிட்டது. கறிக்குச் சுடுதல் போதும்.

சொற்கள் வாக்கியத்தில் நிற்கின்றனவா என்று பார்க்க, குறிப்பின் கடைசிப் பகுதியை எழுதிப் பார்த்தேன்: ‘கறியை வெளியே எடுத்து மெருகுப்பாகைத் தடவி, சூட்டை 200 பாகைக்கு உயர்த்தி மீண்டும் உள்ளே வைக்கவும். ஏழெட்டு நிமிடத்துக்கு ஒருமுறை மறுபடி மெருகிடவும். மெருகு குமிழியிட்டுச் செம்பழுப்பானதும் எடுக்கவும். மெருகின் நிறத்தை வைத்துக் கறி வெந்துவிட்டதாகக் கொள்ளக் கூடாது. வெப்பமானியைக் கறியின் நடுவில் குத்திப் பார்க்கவும்.’ அந்தக் கடைசி வரியை எழுத்துமாறாமல் வைத்திருக்க வேண்டுகிறேன். அமெரிக்க வேளாண் துறை 2011 முதல் முழுத்துண்டுப் பன்றிக்கறிக்கு 63 பாகையும் அதன்பின் 3 நிமிட ஓய்வும் போதும் என்கிறது. நாடாப்புழுவைக் கருத்தில் கொண்டு நம் ஊரில் 70 பாகைக்கு மேல் கொண்டுசெல்வதையே நான் விரும்புகிறேன். தோள்பட்டைக் கறி மெத்தென ஆவதற்கு அதைவிடக் கூடுதலான சூடே வேண்டியிருக்கிறது என்பதால், சுவையில் இழப்பும் இல்லை.

எதிர்ப்பு இல்லையேல், நம் பட்டியலில் இப்படிச் சேர்க்கலாம்: ‘மெருகு: சமைக்கும் பொருளின் மேல் தடவி, வெப்பத்தால் நீர் வற்றச் செய்து பெறும் ஒளிபுகும் பளபளப்பான ஏடு. மெருகிடு: அவ்வாறு தடவுதல். மெருகுப்பாகு: அதற்கெனக் காய்ச்சிய, கம்பிப் பதத்துக்கு முந்தைய இனிப்புக் கலவை.’ ‘கம்பிப் பதத்துக்கு முந்தைய’ என்ற சொற்கள் விளக்கத்தை நீட்டுகின்றன என்று தோன்றினாலும் அவற்றை நீக்க வேண்டாம்.