திமிங்கலம் எதிரே வந்தால் முதலில் மூச்சை எண்ணுங்கள் – பலரின் அனுபவப் பகிர்வு

படகில் போகிறவர்களுக்காக முதலில் இதை எழுதுகிறேன். தூரத்தில் ஊதல் (திமிங்கலம் மூச்சுவிடும்போது மேலே எழும் நீர்த்தூவல்) தெரிந்ததும் எஞ்சினை முடுக்கிக்கொண்டு ஓடாதீர்கள். இருந்த இடத்திலேயே வேகத்தைக் குறைத்து, ஒரு ஊதலுக்கும் அடுத்ததற்கும் நடுவில் எத்தனை வினாடி என்று எண்ணுங்கள்.

ஸ்பெர்ம் திமிங்கலம் என்றால் பத்துப் பன்னிரண்டு வினாடிக்கு ஒரு மூச்சு. முக்கால் மணி, சில சமயம் ஒரு மணி நேரம் ஆழத்தில் இரை தேடிவிட்டு மேலே வந்து, மரக்கட்டை மாதிரி அசையாமல் கிடந்து, எட்டுப் பத்து நிமிடத்தில் நாற்பது ஐம்பது மூச்சு இழுக்கும். அந்த ஆக்சிஜனில் பெரும்பகுதி ரத்தத்திலும் தசையிலும்தான் சேர்கிறது. நுரையீரலில் தங்குவது கொஞ்சம்தான். தசையில் ஆக்சிஜனைப் பிடித்து வைக்கும் மயோகுளோபின் என்ற புரதம் அவ்வளவு நிறைந்திருப்பதால் அதன் தசையே கறுத்துத் தெரியும். இருபதாவது மூச்சில் ஒரு படகு மேலே வந்து விழுந்தால், பாதி இருப்போடு கீழே இறங்கவேண்டியதாகிவிடும். அதற்கு ஒரு அடையாளம் உண்டு. தானாகப் போகும்போது முதுகை வளைத்து, வாலை முழுசாக உயரத் தூக்கி, நேராக இறங்கும். கலைந்து போகும்போது பெரும்பாலும் வாலைத் தூக்காமலே நழுவிவிடும். வால் தெரியாமல் முங்கினால் நம் படகு அதிகம் நெருங்கிவிட்டது என்று எடுத்துக்கொள்ளுங்கள்.

எந்த இனம் என்பதை ஊதலே சொல்லிவிடும். ஸ்பெர்ம் திமிங்கலத்துக்கு மூச்சுத்துளை ஒன்றுதான், அதுவும் தலையின் முன்னால் இடப்பக்கம். அதனால் ஊதல் முன்னோக்கி இடதாகச் சாய்ந்து வரும். நீலத் திமிங்கலம் தூண் மாதிரி ஒன்பது மீட்டர் வரை நேராக ஊதும். கூன்முதுகுத் திமிங்கலத்துடையது குட்டையாகப் புதர் மாதிரி விரியும். ரைட் திமிங்கலத்தின் ஊதலை முன்னிருந்தோ பின்னிருந்தோ பார்த்தால் ‘வி’ வடிவம்.

நெருங்கும் முறைக்கு வருவோம். பல நாடுகளின் விதி 100 மீட்டர். குட்டி கூட இருந்தால் அதைவிடத் தள்ளி. 300 மீட்டருக்குள் வந்ததும் பின்னால் அலை எழாத வேகம்தான். கண்கள் தலையின் பக்கவாட்டில் இருப்பதால் நேர் முன்னாலும் நேர் பின்னாலும் அதற்குச் சரியாகத் தெரியாது. ஆகவே பக்கத்தில், சற்றே பின்தங்கி, அது போகும் திசைக்கு இணையாகப் போக வேண்டும். முன்னால் ஓடிப்போய் வழியில் காத்திருப்பது வேண்டாம். அதுவே உங்களை நோக்கி வந்தால் கியரை நியூட்ரலில் போட்டுவிட்டுச் சும்மா இருங்கள். மூன்று படகுக்கு மேல் இருந்தால் நாலாவது படகு திரும்பிப் போவதே நல்லது. மூச்சு இடைவெளி குறைவது, திடீரென்று திசை மாறுவது, வாலால் தண்ணீரை அறைவது, தாய் குட்டிக்கும் படகுக்கும் நடுவில் வந்து நிற்பது: இதில் ஒன்று தெரிந்தாலும் மெல்ல விலகிவிடுங்கள்.

*

மேலே எழுதியவர் சொன்னதில் நியூட்ரல் விஷயம் ரொம்பச் சரி. ஆனால் இரண்டு இடத்தில் கூடுதல் கவனம் வேண்டும்.

ஒன்று, தண்ணீர் கொதிப்பது போலச் சின்ன மீன்கள் துள்ளி, மேலே பறவைகள் மொய்க்கும் இடம். அடியிலிருந்து கூன்முதுகுத் திமிங்கலம் வாயைப் பிளந்துகொண்டு செங்குத்தாக வரும் இடம் அது. 2020 நவம்பரில் கலிபோர்னியாவின் அவிலா கடற்கரையில் கயாக்கில் இருந்த இரண்டு பேர் அப்படித்தான் அதன் வாய்க்குள் சிக்கி, உடனே வெளியே வந்தார்கள். அதன் தொண்டை மனிதனை விழுங்கும் அளவுக்கு விரியாது. ஆனால் முப்பது டன் விலங்கு மேலே விழுந்தால் என்ன ஆகும் என்று சொல்ல வேண்டியதில்லை. மீன் துள்ளும் இடத்துக்குக் கயாக்கையோ நீச்சல் பலகையையோ கொண்டுபோகவே கூடாது. மீன்களை வளைக்கத் திமிங்கலம் விடும் குமிழிகள் படகைச் சுற்றி வளையமாக எழ ஆரம்பித்துவிட்டால் ஓட நேரமிருக்காது. புரொப்பெல்லர் சுழலாமல் அப்படியே நிற்பதுதான் வழி.

இரண்டு, ஜிப்ரால்டர் நீரிணையும் அதை ஒட்டிய ஸ்பெயின், போர்ச்சுகல் கடலும். 2020 முதல் அங்கே ஒரு சிறு ஓர்கா (‘கொலைகாரத் திமிங்கலம்’ எனப்படுவது) கூட்டம் பாய்மரப் படகுகளின் சுக்கானை இடித்து உடைக்கிறது. சில படகுகள் மூழ்கியும் இருக்கின்றன. அங்கே மட்டும் நிற்காதீர்கள். ஸ்பெயின் அரசு தரும் அறிவுரை, எஞ்சினை ஓட்டிக்கொண்டே கரைப்பக்கம் ஆழம் குறைந்த இடத்துக்குப் போவது. ஆட்கள் படகின் நடுவில் உட்கார வேண்டும், விளிம்பில் சாயக் கூடாது. இதற்குக் கோபம், பழிவாங்கல் என்றெல்லாம் கதை கட்டுவது அந்த ஓர்காக்களுக்குத்தான் ஆபத்து, ஏனென்றால் அந்த இனத்தொகை ஏற்கெனவே அருகிப்போனது.

திமிங்கலம் தானாக நட்புக் காட்டினால் என்ன தப்பு என்று பலரும் கேட்கிறார்கள். கனடாவின் நூட்கா விரிகுடாவில் லூனா என்ற இளம் ஓர்கா கூட்டத்தைப் பிரிந்து வருடக்கணக்கில் தனியாக இருந்தது. துணைக்கு யாருமில்லாமல் படகுகளை உரசி, ஆட்களிடம் வந்து நின்றது. எல்லாரும் அன்பாகத் தடவிக் கொடுத்தார்கள். 2006 மார்ச்சில் ஒரு இழுவைக் கப்பலின் புரொப்பெல்லரில் அடிபட்டுச் செத்தது. படகுச் சத்தத்தைத் துணை என்று பழகிய விலங்குக்குப் புரொப்பெல்லரைப் பற்றிய பயம் போய்விடுகிறது.

*

உயிரோடு கரையொதுங்கிய திமிங்கலத்தைப் பற்றி விரிவாகவே எழுத வேண்டும். நல்ல மனசோடு செய்யும் தப்புகள் இங்கேதான் அதிகம்.

எல்லாருக்கும் முதலில் தோன்றுவது தண்ணீருக்குள் தள்ளிவிடலாம் என்பது. அடுத்தது, வாலில் கயிறு கட்டி இழுப்பது. வாலைப் பிடித்து இழுத்தால் முதுகெலும்பின் மூட்டுகள் விலகிவிடும். பின்பக்கமாகத் தண்ணீருக்குள் போவதால் மூச்சுத்துளையிலும் நீர் ஏறும். பக்கத்துடுப்புகளும் பிடித்துத் தூக்கும் கைப்பிடி அல்ல. சுளுக்கினால் அதற்கப்புறம் திசை திருப்ப முடியாது.

தரையில் அதைக் கொல்வது மூன்று. கடல் தாங்கிய எடை இப்போது அதன் மேலேயே அழுத்துகிறது. அடிப்பக்கத் தசை நசுங்கி, உடைந்த தசையிலிருந்து கசியும் மயோகுளோபின் சிறுநீரகத்தைக் கெடுக்கிறது. ஓடித் திரும்பிப் போன விலங்கு இரண்டு நாள் கழித்து வேறு கரையில் செத்துக் கிடப்பதற்கு இதுவும் ஒரு காரணம். இரண்டாவது சூடு. குளிர்ந்த கடலுக்காக அமைந்த கொழுப்புப் படலம் வெயிலில் கம்பளி மாதிரி ஆகிவிடுகிறது. உள்ளே வெந்து, வெளியே தோல் கொப்பளிக்கிறது. மூன்றாவதைப் பலரும் நினைப்பதே இல்லை. பக்கவாட்டில் சாய்ந்து கிடந்தால், ஓதம் (கடல் நீர்மட்டம்) ஏறும்போது மூச்சுத்துளை நீருக்குள் போய் அது மூச்சுத் திணறியே சாகும்.

ஆகவே வரிசை இதுதான். முதலில் வனத்துறைக்கோ கடலோரக் காவலுக்கோ தகவல்: இடம், நீளம், எத்தனை, உயிர் இருக்கிறதா. கூட்டத்தையும் நாய்களையும் விலக்குங்கள். ஒருவர் மட்டும் தலைப்பக்கம், வாலுக்கு எட்டாத தூரத்தில் உட்கார்ந்து, மூச்சு விடும் நேரத்தைக் குறிக்கட்டும். பல நிமிடம் மூச்சே விடாமல் கிடந்தாலும் செத்துவிட்டது என்று முடிவு கட்டக் கூடாது. ஊதலின் ஈரக்காற்று முகத்தில் படாமல் முகக்கவசம் போடுங்கள். அதில் கிருமிகள் உண்டு. பிரூசெல்லா போன்றவை மனிதனுக்கும் தொற்றும்.

அப்புறம் துணி. வெளிர் நிறப் போர்வை அல்லது பழைய வேட்டி, கடல் நீரில் நனைத்து, முதுகின் மேல். மூச்சுத்துளையை மூடவே கூடாது. வாளியில் ஊற்றும்போதும் அந்தப் பக்கம் தண்ணீர் தெறிக்கக் கூடாது. துடுப்பிலும் வாலிலும் தொடர்ந்து நீர் ஊற்றுங்கள். உடம்புச் சூடு வெளியேறும் வழி அவைதான். பக்கத்துடுப்பு ஒவ்வொன்றின் அடியிலும் மணலைத் தோண்டிக் குழியாக்கி நீர் நிரப்பினால் துடுப்பு நசுங்காது, குளிர்ச்சியும் கிடைக்கும். எண்ணெய், சன் கிரீம் எதுவும் தடவ வேண்டாம். சாய்ந்து கிடந்தால், துடுப்பை உடம்போடு ஒட்டி வைத்து, நாலைந்து பேர் சேர்ந்து உருட்டி, வயிறு கீழே இருக்கும்படி நிமிர்த்த வேண்டும். ஓதம் ஏறுவதற்குள் இது முடிந்தாக வேண்டும். ஏழெட்டு மீட்டருக்கு மேல் பெரிய விலங்கென்றால் ஆட்களால் ஒன்றும் அசைக்க முடியாது. மருத்துவர் வரும்வரை நனைத்து, சத்தமில்லாமல் வைத்திருப்பதுதான் அதற்குச் செய்யும் நன்மை.

கூட்டமாக ஒதுங்குவது வேறு கணக்கு. பைலட் திமிங்கலங்கள் ஒன்றையொன்று விட்டுப் பிரியாது. 2016 ஜனவரியில் மணப்பாடு, திருச்செந்தூர் கரையோரம் 80-க்கும் மேற்பட்டவை ஒதுங்கின. மீனவர்கள் உயிரைக் கொடுத்துத் தள்ளிவிட்டும் பல திரும்பத் திரும்பக் கரைக்கே வந்தன. 40-க்கும் மேல் இறந்தன. அந்த மக்கள் செய்ததில் குறை இல்லை. ஒவ்வொன்றாக விட்டால், கரையில் கிடப்பவை எழுப்பும் குரலுக்குப் போனது திரும்பி வரும். நியூசிலாந்தின் ஃபேர்வெல் ஸ்பிட்டில் 2017 பிப்ரவரியில் 400-க்கும் மேல் ஒதுங்கின. மறுநாள் இன்னும் 200-க்கும் மேல் வந்தன. அந்த மணல்திட்டு மிக மெல்லச் சரியும் கரை. ஒலி எழுப்பி எதிரொலியை வைத்து வழி அறியும் அவற்றுக்கு, எதிரொலி சரியாகத் திரும்பி வராததால் கரை இருப்பதே தெரிவதில்லை என்று கருதுகிறார்கள்.

1974-ல் தொடங்கிய புராஜெக்ட் ஜோனா என்ற திமிங்கல மீட்பு அமைப்பினர் அங்கே செய்யும் முறையைக் கற்றுக்கொள்ளலாம். நீர் ஏறியதும் எல்லாவற்றையும் இடுப்பளவு தண்ணீரில் பிடித்து நிறுத்துகிறார்கள். நெடுநேரம் கிடந்து கிடந்து உடம்பு மரத்துச் சமநிலை தப்பியிருக்கும். விட்டால் ஒரு பக்கம் உருளும். மெல்ல இடமும் வலமும் ஆட்டி ஆட்டி, தானாக நிமிர்ந்து மூச்சுவிடும் வரை பொறுக்கிறார்கள். தாயையும் குட்டியையும் பக்கத்தில் வைத்து, எல்லாவற்றையும் ஒரே நேரத்தில் விடுகிறார்கள். அப்புறம் ஆட்கள் கைகோத்துத் தண்ணீரில் சுவர் மாதிரி நிற்கிறார்கள், திரும்பாமல் இருக்க.

*

கயிற்றிலும் வலையிலும் சிக்கியதைப் பற்றி யாரும் எழுதவில்லை. சாவு அதிகம் இங்கேதான். டால்பின்களையும் சேர்த்தால் வருடத்துக்குச் சுமார் 3,00,000 என்பது பரவலாகச் சொல்லப்படும் மதிப்பீடு.

தண்ணீரில் குதித்து அறுக்காதீர்கள். 2003-ல் நியூசிலாந்தின் கைக்கோராவில் ஒருவரும், 2017 ஜூலையில் கனடாவில் அனுபவமுள்ள மீட்பர் ஒருவரும் திமிங்கலத்தை விடுவிக்கும்போதே அடிபட்டு இறந்தார்கள். இரண்டாமவர் தண்ணீரில்கூட இல்லை, படகில் நின்றார். கடைசிக் கயிறு அறுந்ததும் வால் திரும்பியது.

பின்னால் இழுபடும் கயிறு கண்ணுக்குத் தெரிகிறதே என்று அதை அறுத்துவிடுவது இன்னொரு பெரிய தப்பு. பயிற்சி பெற்ற குழுவுக்கு அந்தக் கயிறுதான் பிடிமானம். அதில் பெரிய மிதவைகளைக் கட்டி விலங்கின் வேகத்தைக் குறைப்பார்கள். பழைய திமிங்கல வேட்டைக்காரர்களின் உத்தி, இப்போது காப்பாற்றப் பயன்படுகிறது. பிறகு நீளமான கழியின் நுனியில் கொக்கி மாதிரிக் கத்தி. உட்பக்கம் மட்டும்தான் கூர், வெளிப்பக்கம் மொண்ணை, தோலில் பட்டாலும் கிழிக்காது. வாயில் சுற்றியதையும் துடுப்படியில் இறுக்கியதையும் அறுத்தால்தான் பிழைக்கும். வெளியே தொங்கும் நுனியை மட்டும் வெட்டினால், உள்ளே இறுகியது மாதக்கணக்கில் சதையை அறுத்துக்கொண்டே இருக்கும், பிடிக்கவும் வழியிருக்காது.

நீங்கள் செய்யக்கூடியது: தகவல் சொல்லிவிட்டு, மீட்புக் குழு வரும்வரை 100 மீட்டர் தள்ளி கண்பார்வையில் வைத்திருங்கள். ஜிபிஎஸ் இடம், போகும் திசை, வேகம், கயிற்றின் நிறம், மிதவையின் நிறம், எந்த உறுப்பில் சுற்று. இரண்டு பக்கமும் வீடியோ. இங்கேயும் மூச்சு இடைவெளியைக் குறித்துக் கொடுங்கள். நங்கூரமிட்டது போல ஒரே இடத்தில் நிற்கிறதா, இழுத்துக்கொண்டு நீந்துகிறதா என்பதைக் குழு முதலில் கேட்கும்.

கப்பல் வேகத்தையும் சொல்லியாக வேண்டும். 15 நாட் (ஒரு நாட் என்பது மணிக்குச் சுமார் 1.85 கி.மீ.) வேகத்தில் மோதினால் பெரிய திமிங்கலம் சாகும் வாய்ப்பு 80 சதவீதத்தை ஒட்டி, 8.6 நாட்டில் 20 சதவீதத்தை ஒட்டி. இதனால்தான் அமெரிக்கக் கிழக்குக் கரையில் 2008 டிசம்பர் முதல், குறித்த பருவத்தில் குறித்த பகுதிகளில், 65 அடிக்கு மேற்பட்ட கப்பலுக்கு 10 நாட் கட்டுப்பாடு. வடஅட்லாண்டிக் ரைட் திமிங்கலம் இப்போது 400-க்கும் குறைவு. அவற்றில் பத்துக்கு எட்டின் தோலில் கயிறு அறுத்த தழும்பு இருக்கிறது.

*

செத்து ஒதுங்கியதற்கு ஒரு பத்தி போதும். மேலே ஏறாதீர்கள், குத்திப் பார்க்காதீர்கள். கொழுப்பு உள்சூட்டை விடாததால் அழுகல் வேகமாக நடந்து வாயு அடைபடும். 2004 ஜனவரியில் தைவானின் தைனான் நகரில், லாரியில் கொண்டுபோன ஸ்பெர்ம் திமிங்கலம் தெருநடுவே வெடித்தது. 1970 நவம்பரில் அமெரிக்காவின் ஒரிகன் மாநிலக் கரையில், செத்த திமிங்கலத்தை அப்புறப்படுத்த அரை டன் டைனமைட் வைத்தார்கள். சிதறிய கொழுப்புத் துண்டு கால் மைல் தள்ளி நின்ற காரை நசுக்கியது. புதைக்கும் முன் நீளத்தை எடுங்கள்: மேல்தாடை நுனியிலிருந்து வால்துடுப்பின் நடுப்பள்ளம் வரை, உடம்பின் வளைவோடு போகாமல் நேர்கோட்டில். வயிறு, வால், வாய் படங்களில் ஓர் அளவுகோல் தெரியட்டும்.

*

படம் எடுப்பவர்களுக்கு. கூன்முதுகுத் திமிங்கலத்துக்கு வாலின் அடிப்பக்கம்தான் கைரேகை. பின்னால் இருந்து, முங்கும் நொடியில், 1/1000 வினாடிக்குக் குறையாத ஷட்டரில் எடுங்கள். ஸ்பெர்முக்கு வால் ஓரத்து வெட்டுக்கள், நீலத்துக்கு முதுகுத்துடுப்பை ஒட்டிய புள்ளிகள், ரைட்டுக்குத் தலையின் வெள்ளைத் தடிப்புகள். முங்கிய இடத்தில் எண்ணெய் ஊற்றியது போல வழவழப்பாக ஒரு வட்டம் சற்று நேரம் நிற்கும். வால் கீழிருந்து தள்ளிய நீர் அது. அதன் மேல் படகை ஓட்டாமல், அங்கேயே ஜிபிஎஸ்-ஐயும் நேரத்தையும் எழுதிக்கொள்ளுங்கள். அடுத்த ஊதல் எத்தனையாவது நிமிடத்தில் என்பதையும் சேர்த்து.