வெங்காய வளையத்தில் மாவு ஏன் நிற்பதில்லை?

கேள்வி:
வெங்காயத்தை வட்ட வட்டமாக நறுக்கி, மைதாவில் உப்பும் நீரும் சேர்த்துக் கரைத்த மாவில் தோய்த்துப் பொரிக்கிறேன். எடுத்தவுடன் மொறுமொறுப்பாகத்தான் இருக்கிறது. ஆனால் ஐந்து நிமிடத்திற்குள் நமத்துப் போவதோடு, ஒரு கடி கடித்தால் வெங்காயம் முழுவதும் வழுக்கிக்கொண்டு வெளியே வந்துவிட, வெறும் மாவுக்கூடுதான் கையில் மிஞ்சுகிறது. மாவைக் கெட்டியாகக் கரைத்தும் பார்த்தேன், ரப்பர் போலாகிவிட்டது. எங்கே பிசகுகிறது?

பதில் 1:
முதலில் வெங்காயத்தைக் கவனியுங்கள். ஒவ்வொரு வளையத்தின் உட்புறத்திலும் கண்ணாடி போன்ற மெல்லிய சவ்வு ஒன்று ஒட்டியிருக்கும். ஓரத்தை நகத்தால் நெருடினால் ஈரத்தாள் போல உரிந்து வரும். அந்த வழுவழுப்பில் மாவு பிடிக்காது. வளையங்களைக் குளிர்ந்த நீரில் அரை மணி நேரம் போட்டுவைத்தால் உரிப்பது சற்று எளிதாகும். (ஒரு கிலோ வெங்காயத்திற்கு இதைச் செய்ய என்னிடம் பொறுமை இல்லை, நான்கு வெங்காயத்திற்குச் செய்துவிடலாம்.) பிறகு ஈரம் போகத் துடைத்து, உலர்ந்த மைதாவில் புரட்டி, உதறிவிட்டுத்தான் கரைத்த மாவில் தோய்க்க வேண்டும். வெங்காயத்தில் ஏறக்குறைய 90 சதவீதம் நீர்தான் என்பதால், இந்த உலர்ந்த பூச்சு இல்லாமல் மாவு ஒட்டி நிற்காது.

பதில் 2:
மேலே சொன்னது சரி. ரப்பர் போலானதற்குக் காரணம், மைதாவைக் கலக்கக் கலக்க அதில் இழுவைத்தன்மை கூடுவதே. மைதாவில் பாதியைக் குறைத்து அந்த அளவுக்குச் சோள மாவையோ அரிசி மாவையோ சேர்த்து, நன்றாகக் குளிர்ந்த சோடாவை ஊற்றி, கட்டிகள் சில இருந்தாலும் பரவாயில்லை என்று நான்கு சுற்றோடு நிறுத்திவிடுங்கள். கரைத்ததை ஆறப்போடாமல் உடனே பொரித்தால்தான் சோடாவின் குமிழிகள் பயன்படும். எண்ணெய் 180 டிகிரி செல்சியஸ் சூட்டில் இருக்க வேண்டும். ஒரே நேரத்தில் வாணலி நிறையப் போட்டால் சூடு இறங்கி மாவு எண்ணெய் குடித்துவிடும். எடுத்தவற்றைத் தட்டில் குவிக்காமல் கம்பி வலையில் பரப்புங்கள். நமத்துப் போவதற்கு அடியில் தங்கும் நீராவியும் ஒரு காரணம்.

கேட்டவர்:
நன்றி. பாதி வளையங்களைச் சவ்வுரித்தும் மீதியை அப்படியேயும் பொரித்துப் பார்த்தேன். உரித்தவற்றில் கடித்த இடத்தில் வெங்காயமும் மாவும் சேர்ந்தே முறிந்தன. உரிக்காதவற்றில் இரண்டு மறுபடியும் கழன்றன. கம்பி வலையில் வைத்தவை கால் மணி நேரம் கழித்தும் நமத்துப் போகவில்லை.