26யூ வெள்ளை: கலர் கோடு சரி, கதவு மட்டும் ஏன் மஞ்சள்?

கெடிலக்கரை (கடலூர்):
வண்டி வேகன் ஆர், 2014, சுபீரியர் வைட், கலர் கோடு (code) 26யூ. மஞ்சக்குப்பத்துல ஒரு ஷேர் ஆட்டோ உரசி இடது முன் கதவு நசுங்கிடுச்சு. கடலூர்லயே ஒரு பட்டறையில விட்டேன். டிங்கரிங் வேலை அருமை, கையை ஓட்டிப் பார்த்தா மேடு பள்ளம் ஒண்ணும் தட்டல. பெயின்ட்லதான் வில்லங்கம். வெயில்ல நின்னா எல்லாம் ஒரே வெள்ளை. ராத்திரி பெட்ரோல் பங்க் லைட்டுக்குக் கீழ நிறுத்தினா ஃபெண்டரும் பின் கதவும் ஒரு வெள்ளை, நடுவுல இந்தக் கதவு மட்டும் கடுங்காப்பில ரெண்டு சொட்டு விழுந்த பால் மாதிரி தனியா நிக்குது.

பட்டறைக்காரர் மிக்சிங் பில்லைக் காட்டுறார். 26யூ, 200 மில்லி, எல்லாம் சரியாத்தான் இருக்கு. திரும்ப அடிங்கன்னா "பக்கத்து ரெண்டு பேனலையும் சேர்த்து அடிச்சாத்தான் ஒட்டும், அதுக்குத் தனி சார்ஜ்"ங்கிறார். கோடு சரின்னா கலர் ஏன் சேரல? நல்லா இருக்கிற ரெண்டு பேனல்ல எதுக்கு எமரி போடணும்? தெரிஞ்சவங்க சொல்லுங்க.

கன்_மாஸ்டர் (மேட்டுப்பாளையம். பாண்டி மேட்டுப்பாளையம்ங்க, கோயமுத்தூர் பக்கம் இல்ல):
தம்பி, கோடுங்கிறது கம்பெனிக்காரன் அந்த வெள்ளைக்கு வச்ச பேரு. உங்க வண்டிக்கு வச்சது இல்ல. அதே கோடுல வருஷக்கணக்கா வண்டி இறக்குறான், பேட்ச்சுக்கு பேட்ச் கொஞ்சம் நகரும். அதுக்கப்புறம் இத்தனை வருஷ வெயில், தேவனாம்பட்டினம் உப்புக்காத்து, போர் தண்ணி ஊத்திக் கழுவினது எல்லாம் சேரும். டப்பாவுல வர்றது ஷோரூம் வெள்ளை. உங்க ஃபெண்டர்ல இருக்கிறது வேற.

நான் கோடு சொல்லித்தான் மிக்ஸ் வாங்குவேன். ஆனா வாங்கினதை அப்படியே ஸ்ப்ரே கன்னுல ஊத்த மாட்டேன். ஒரு அட்டையில அடிச்சு, கிளியர் (மேல அடிக்கிற நிறமில்லாத பளபளப்புப் பூச்சு) போட்டு, முழுசாக் காயவிட்டு, நிழல்ல வச்சுப் பார்ப்பேன். ஈரத்துல பார்த்தா வெள்ளை ஏமாத்தும். மஞ்சள் தூக்கினா வயலட்ல ஒரு சொட்டு, ரொம்பப் பளிச்சுன்னா கறுப்புல ஒரு சொட்டு. கடைசியில கண்ணுதான் மெஷின்.

தராசு_பூஜ்யம்_ஒண்ணு (மிக்சிங் கவுண்டர், பாண்டி):
மாஸ்டர் அட்டை சொன்னது நூத்துக்கு நூறு. அந்த "ஒரு சொட்டு" சொன்னாரு பாருங்க, சண்டையே அங்கதான்.

வெள்ளைன்னா கிட்டத்தட்ட எல்லாமே டைட்டானியம் டை ஆக்சைடு. மத்த டோனர்லாம் (கலக்குற நிறங்கள்) பேருக்குத்தான்: கறுப்பு, மஞ்சள், சில ஃபார்முலாவுல சிவப்போ நீலமோ. 200 மில்லி கேட்டா ஸ்க்ரீன்ல ஒரு டோனர் 0.2 கிராம்னு வரும். தராசு காட்டுறது 0.1 கிராம் வரைக்கும்தான். ஒரு படி கூடினா அந்த டோனர் பாதிக்குப் பாதி கூடிப்போச்சு. இதையே ஒரு லிட்டருக்குப் போட்டா டோனர் ஒரு கிராம், அதே பிசகு பத்துல ஒரு பங்குதான். சிவப்பு வண்டிக்கு 200 மில்லியில ஓட்டிடலாம், வெள்ளைக்கு முடியாது. காசு மிச்சம் பிடிக்கிறேன்னு கம்மியா மிக்ஸ் வாங்குறதுதான் பாதி மஞ்சக் கதவுக்குக் காரணம்.

அடுத்து வேரியன்ட். ஒரே கலர் கோடுக்குக் கீழ மஞ்சள் பக்கம் ஒண்ணு, நீலப் பக்கம் ஒண்ணு, அழுக்கா ஒண்ணுன்னு தனித்தனி ஃபார்முலா இருக்கும். சிப் புத்தகத்தை, அதான் கலர் மாதிரித் துண்டு இருக்கிற புத்தகத்தை, வண்டியிலயே வச்சுப் பார்த்து எடுக்கணும். யாரு பார்க்கிறாங்க? "26யூ குடு"ன்னு போன்ல சொல்லிட்டுப் பையனை அனுப்புறாங்க.

கெடிலக்கரை சார், வெயில்ல சேர்ந்து எல்இடி லைட்ல பிரியுதுன்னா அது வேற கதை. ரெண்டு பெயின்ட்ல வேற வேற நிறமி இருந்தா ஒரு வெளிச்சத்துல ஒண்ணாத் தெரியும், இன்னொண்ணுல பிரியும். ஃபார்முலாவுல இல்லாத டோனரை யாரோ கண்ணால "சரி" பண்ண ஊத்தியிருக்கணும். மெஷினை நம்பாத மாஸ்டர்கள் பண்ற வேலைன்னுதான் எனக்குத் தோணுது.

கன்_மாஸ்டர்:
வந்துட்டாருய்யா. கவுண்டருக்குப் பின்னாடி ஏசியில உக்காந்து பேசுறது லேசு. உங்க டோனர் டப்பா மூடியில இருக்கிற கலக்கியைக் காலையில ஒரு தரம், மதியம் ஒரு தரம் ஓட்டணுமே, ஓட்டுறீங்களா? அடியில தங்கிப்போன டோனரை மேலாக ஊத்தினா எந்தத் தராசு காப்பாத்தும்?

நீங்க ரெண்டு பேரும் ஒரு விஷயத்தை விட்டுட்டீங்க. அந்தக் கதவுல பட்டி (பள்ளத்தை நிரப்புற பூச்சு) இருக்கு. பட்டி மேல பிரைமர் என்ன கலர்? வெள்ளைக்கு மூடுற சக்தி கம்மி. அடியில கருஞ்சாம்பல் பிரைமர் இருந்து ரெண்டு கோட்டு (பூச்சு) அடிச்சு நிறுத்தினா கதவு அழுக்கடிக்கும். பட்டி மூடாம எட்டிப் பார்த்தா மஞ்சளடிக்கும். என்கிட்ட கறுப்பு வெள்ளைக் கட்டம் போட்ட ஸ்டிக்கர் இருக்கு. மாஸ்கிங் பேப்பர் ஓரத்துல அதை ஒட்டிட்டு, பேனல் அடிக்கும்போதே அது மேலயும் அடிப்பேன். கட்டம் கண்ணுக்குத் தெரியாமப் போற வரைக்கும் நிறுத்த மாட்டேன். சில வெள்ளைக்கு நாலு கோட்டு கேட்கும். காசு பார்க்கிற பட்டறை ரெண்டுல முடிச்சு கிளியரை ஊத்தி அனுப்பிடும்.

தராசு_பூஜ்யம்_ஒண்ணு:
எங்க கடையில ரெண்டு வேளையும் ஓடுது மாஸ்டர். கட்டம் ஸ்டிக்கர் விஷயத்துல சரண்டர்.

ரெண்டாங்கை_வியாபாரி (ரெட்டியார்பாளையம்):
நான் பழைய வண்டி வாங்கி விக்கிறவன். பிஒய் 01 (பாண்டி நம்பர்) வண்டி தேடி கடலூர், விழுப்புரத்துலேர்ந்து எல்லாம் ஆள் வருவாங்க. வர்றவங்க பாதிப் பேர் கையில தடிமன் மீட்டர். கம்பெனி பெயின்ட் 100 மைக்ரானை ஒட்டிக் கூடக்குறைய இருக்கும். திரும்ப அடிச்ச பேனல் 200ஐத் தாண்டும், பட்டின்னா 500, 1000ன்னு எகிறும். ஒரு கதவு அடிச்சிருக்குன்னா "ஆட்டோ உரசிடுச்சு"ன்னு சொன்னா நம்புவாங்க. ஃபெண்டர், ரெண்டு கதவுன்னு வரிசையாக் காட்டினா சைடு மொத்தமும் அடி வாங்கின வண்டின்னு முடிவு கட்டி விலையை அடிப்பாங்க. லேசா மஞ்சளா இருந்தாலும் பரவால்ல, நல்ல பேனலைத் தொடாதீங்க சார்.

கன்_மாஸ்டர்:
வித்தா விலை போவணும்னு கண்ணு முன்னாடி மஞ்சக் கதவோட ஓட்டச் சொல்றீங்களா?

பக்கத்துப் பேனலை "அடிக்கிறது" வேற, "பிளென்ட்" பண்றது வேற. பிளென்ட்ல பட்டியும் இல்ல, பிரைமரும் இல்ல. பேனலை நைஸ் பேப்பர்ல மட்டும் தேய்ச்சு, கதவை ஒட்டின ஓரத்துல கலரைப் புகை மாதிரி தேய விட்டு, கிளியரை முழுப் பேனலுக்கும் ஓட்டுறது. கோடு போட்ட மாதிரி ரெண்டு வெள்ளை முட்டிக்காம ஒண்ணு இன்னொண்ணுல கரையும். இது பேஸ் கோட் (கலர்), அதுக்கு மேல கிளியர் கோட்ங்கிற முறையில அடிச்சாத்தான் ஒழுங்கா வரும். சாலிட் (மினுமினுப்பு இல்லாத) வெள்ளையை கிளியர் இல்லாம டூ-கேல, அதான் ஹார்டனர் கலந்த பெயின்ட்ல, நேரா அடிக்கிற பட்டறை நிறைய. அதுல தேய விட்ட விளிம்பு கொஞ்ச நாள்ல தெரிஞ்சுடும். உங்க பட்டறைக்காரர்கிட்ட எந்த முறைன்னு முதல்ல கேளுங்க தம்பி.

ரெண்டாங்கை_வியாபாரி:
கிளியர் மட்டும்னாலும் மீட்டர்ல ஏறும் மாஸ்டர். மீட்டருக்குப் பிளென்ட் தெரியாது, நம்பர்தான் தெரியும். கம்பெனி அடுப்புல 140 டிகிரியில வெந்த பெயின்ட் அது. நீங்க பூத்ல (பெயின்ட் அடிக்கிற மூடின அறையில) 60 டிகிரிக்கு மேல போக முடியுமா? ஒயரும் பிளாஸ்டிக்கும் உருகிடும். கம்பெனி பெயின்ட் தெய்வம் சார், அதை எமரி போட்டுத் தேய்க்காதீங்க.

கிரிஸ்டா_070 (லாஸ்பேட்டை):
தெய்வம் எல்லாம் வேண்டாம் பாய். அமெரிக்காவுல டொயோட்டாவே 040, 070ன்னு கோடு போட்ட ரெண்டு வெள்ளையும் சில மாடல்ல உரியுதுன்னு பெயின்ட் வாரன்டியை நீட்டிச்சுக் கொடுத்தது. வெயில் பட்டுப் பட்டு மேல் பெயின்ட் அடி பிரைமரை விட்டுக் கழண்டு வருதுன்னு அவங்களே எழுதினாங்க. கரோலா, ராவ்4 எல்லாம் அந்தப் பட்டியல்ல உண்டு.

அது இருக்கட்டும், என் சந்தேகம். என்னுது இன்னோவா கிரிஸ்டா, 070 பேர்ல் (முத்து மாதிரி மினுங்குற) வெள்ளை. பின் பம்பர் உரசியிருக்கு. ஒரு பட்டறையில "வெள்ளைதானே, 040 அடிச்சு மேல லேசாப் பேர்ல் தூவிடலாம்"ங்கிறாங்க. செய்யலாமா?

தராசு_பூஜ்யம்_ஒண்ணு:
ஓடி வந்துடுங்க. 040 சாலிட், 070 மூணு அடுக்கு: கீழ வெள்ளை, நடுவுல மைக்கா கலந்த கண்ணாடி மாதிரி கோட்டு, மேல கிளியர். அந்தக் கீழ வெள்ளைக்கே தனி ஃபார்முலா. பேர்லுக்குக் கலர் படிக்கிற மெஷின்ல படிக்கிறதா இருந்தாலும் ஒரே கோணத்துல படிச்சாப் போதாது. 15 டிகிரியிலேர்ந்து 110 வரைக்கும் பல கோணத்துல படிக்கிற மெஷினாப் பாருங்க.

கன்_மாஸ்டர்:
இதுல நானும் கவுண்டர்காரரும் ஒரே கட்சி. பேர்ல்ல கலரை முடிவு பண்றது நடுக் கோட்டு எத்தனை தரம் ஓடுதுங்கிறது. நீளமா ஒரு அட்டை எடுத்து வெள்ளை அடிச்சு, பேப்பரை இறக்கி இறக்கி ஒரு கட்டத்துல ஒரு கோட்டு, அடுத்ததுல ரெண்டு, மூணு, நாலுன்னு ஓட்டி, மேல கிளியர் போட்டு வண்டியோட வச்சுப் பார்க்கணும். எந்தக் கட்டம் சேருதோ அத்தனை கோட்டு. இந்த அட்டை போடாத பட்டறையில பேர்ல் குடுக்கவே கூடாது. இன்னொண்ணு, பம்பர் பிளாஸ்டிக். புது வண்டியிலயே பம்பரும் ஃபெண்டரும் மயிரிழை மாறித்தான் வரும், தனியாக் குறைஞ்ச சூட்டுல அடிச்சு மாட்டுறது அது. கேமரா வச்சுத் தேடாதீங்க.

பழைய_சர்வேயர் (திருப்பாதிரிப்புலியூர்):
வணக்கம். எல்லோரும் தொழில்நுட்பம் பேசுகிறீர்கள். பணம் யார் தருவது என்பதையும் பேச வேண்டும். மோட்டார் பாலிசியில் பெயின்டிங்குக்கு, பெயின்ட் பொருளின் விலையில் 50 சதவீதம் தேய்மானம் கழிப்பார்கள். பொருளும் கூலியும் பிரிக்காமல் மொத்தமாக பில் போட்டால், மொத்தத்தில் 25 சதவீதத்தைப் பொருள் என்று எடுத்துக்கொண்டு அதில் பாதியைக் கழிப்பார்கள். ஜீரோ டெப் (தேய்மானம் கழிக்காத கூடுதல் காப்பு) இருந்தால் இது இல்லை. ஒரு கதவுக்காக கிளெய்ம் போட்டால் சேர்த்து வைத்த நோ கிளெய்ம் போனஸ் (கிளெய்ம் போடாததற்கான பிரீமியத் தள்ளுபடி), அது 50 சதவீதமாகவே இருந்தாலும், அடுத்த ஆண்டு பூஜ்யத்துக்கு வந்துவிடும்.

அடிபடாத பேனலுக்கு பிளென்ட் கேட்டால், சேதத்தை மதிப்பிடும் இன்சூரன்ஸ் சர்வேயர் எளிதில் ஒப்புக்கொள்ள மாட்டார். நானும் ஒப்புக்கொண்டதில்லை. சேதம் கதவில், அனுமதி கதவுக்கு. கலரைச் சேர்ப்பது பட்டறையின் பொறுப்பு. அதற்குத்தான் அவர் கூலி வாங்குகிறார்.

கன்_மாஸ்டர்:
சார், உங்களை மாதிரி ஆளுங்களாலதான் ஊர் முழுக்க ரெண்டு கலர் வண்டி ஓடுது. பேர்ல்லயும் மெட்டாலிக்லயும் பிளென்ட் இல்லாமச் சேர்க்க முடியாதுன்னு உங்களுக்கே தெரியும். கிளெய்ம்ல கையெழுத்துப் போடும்போது மட்டும் மறந்துடும்.

பழைய_சர்வேயர்:
மெட்டாலிக்குக்குச் சில முறை கொடுத்திருக்கிறேன், படத்தோடு எழுதிக் கேட்டபோது. நீங்கள் பேசுவது சாலிட் வெள்ளை. சாலிடில் மின்னும் துகள் இல்லை, கோணம் மாறினால் கலர் மாறாது. சரியான வேரியன்ட் எடுத்து, முழுக்க மூடும்வரை அடித்தால் கதவின் விளிம்போடு நிறுத்தலாம். அதற்குப் பொறுமை இல்லாதவர்தான் பக்கத்துப் பேனலைக் கேட்பார்.

கன்_மாஸ்டர்:
புது வண்டியில நிறுத்தலாம். 2014 வண்டியில நிறுத்திக் காட்டுங்க பார்ப்போம்.

கெடிலக்கரை:
பட்டறையில கேட்டுட்டேன். கிளியர் இல்லாம நேரா டூ-கேதான் அடிச்சிருக்காங்க, அட்டை போடல. "மஞ்சள் கொஞ்சம் கம்மியா இருந்துச்சு, பையன் சேர்த்தான்"னு அவரே சொல்லிட்டார். தராசு சார் சொன்னது அப்படியே. பாவம், மறுபடி அடிச்சுத் தர ஒத்துக்கிட்டார், கதவுக்கு மட்டும் காசு வேண்டாமாம். மிக்ஸ் மட்டும் நான் வாங்கிக் குடுக்கிறேன்னு பேசி வச்சிருக்கேன். கிளெய்ம் போடப் போறதில்ல.

அதனால கதவு மட்டும்தான். அரை லிட்டர் மிக்ஸ், பேஸ் கோட், கிளியர், அட்டை, கட்டம் ஸ்டிக்கர். ஃபெண்டரைத் தொடல. மாஸ்டர் மன்னிக்கணும், வண்டியை ரெண்டு வருஷத்துல விக்கிற எண்ணம் இருக்கு.

கன்_மாஸ்டர்:
உங்க வண்டி, உங்க இஷ்டம். ஒண்ணு மட்டும். கார்த்திகை மழை விழுற நேரத்துல பூத் இல்லாத பட்டறையில அடிக்க விடாதீங்க. தின்னர் ஆவியாகும்போது தகடு குளிர்ந்து காத்து ஈரம் பெயின்ட்ல இறங்கிடும், பளபளப்பு செத்துடும். வெள்ளையில அடிக்கிறப்போ அது தெரியவே தெரியாது. ஸ்லோ தின்னர் போடச் சொல்லுங்க. அடிக்கிற பையனுக்கு நல்ல மாஸ்க் இருக்கான்னும் பாருங்க. ஹார்டனர்ல இருக்கிற ஐசோசயனேட் நுரையீரலைத் தின்னுடும். கைக்குட்டையைக் கட்டிக்கிட்டு அடிக்கிறவனுங்க எத்தனையோ பேர் இருக்கானுங்க.

தராசு_பூஜ்யம்_ஒண்ணு:
பெட்ரோல் டேங்க் மூடியைக் கழட்டிக்கிட்டு கடைக்கு வாங்க சார். காம்பவுண்ட் போட்டுத் தேய்ச்சு அழுக்கெடுத்துட்டு மெஷின்ல படிக்கிறேன். தேய்க்காமப் படிச்சா அது அழுக்கைத்தான் படிக்கும்.

கன்_மாஸ்டர்:
டேங்க் மூடியை வச்சுக் கதவுக்கு மிக்ஸா? மூடி பின்னாடி இருக்கு, கதவோட முட்டுறது ஃபெண்டரும் பின் கதவும். அந்த மூடியை முன்னமே யாராவது அடிச்சிருந்தா? வெயில் பட்டதும் வேற மாதிரி. படிக்கிறதா இருந்தா ஃபெண்டர் ஓரத்துல படிங்க.

ரெண்டாங்கை_வியாபாரி:
மாஸ்டர் சொல்றதை நான் ஒத்துக்கிற முதல் விஷயம் இது.

தராசு_பூஜ்யம்_ஒண்ணு:
சரி, மூடி வேண்டாம். வண்டியோடவே வாங்க. கடலூர்லேர்ந்து இருபது கிலோமீட்டர் சொச்சம்தானே. காலையில பத்து மணி வாக்குல வந்தா கடைக்கு எதிர்ல நிழல் இருக்கும், சிப்பும் வச்சுப் பார்த்துடலாம். மதியம் ஒண்ணரைக்கு மேல வராதீங்க, சாப்பாட்டுக்குக் கடை சாத்திடுவேன்.