கன்பூசியச் சிந்தனையின் மறுமலர்ச்சி: மீண்டு வந்தது எது?

இளவேனில் (கேள்வி)

1966 நவம்பரில், மாவோவின் பண்பாட்டுப் புரட்சியில் இறங்கிய இளைஞர் படையினரான செங்காவலர்கள், சீனாவில் கன்பூசியஸின் சொந்த ஊரான சூஃபூ நகருக்குச் சென்று, கன்பூசியஸ் கோயிலின் கல்வெட்டுகளை உடைத்து, அவருடைய குடும்பக் கல்லறைகளையும் தோண்டினார்கள். அதே நாட்டில், 2014-இல் நடந்த அவருடைய 2565-ஆவது பிறந்தநாள் கருத்தரங்கில் ஷி ஜின்பிங்கே உரையாற்றினார். மறுமலர்ச்சி என்று சொல்லப்படுவது ஒரு மெய்யியல் மீண்டும் உயிர்பெற்றதைக் குறிக்கிறதா, அல்லது ஆட்சிக்குப் பணிவும் ஒழுங்கும் தேவைப்பட்டதால் பழைய பெயர் ஒன்றைத் தூசி தட்டி எடுத்திருக்கிறார்களா? கன்பூசியஸின் உரைகளைத் தொகுத்த ‘லுன்யு’ நூலை மொழிபெயர்ப்பில் இரண்டு முறை படித்திருக்கிறேன். அதில் நான் கண்ட ஆசிரியர், நாடு நாடாக அலைந்தும் தம் சொல்லைக் கேட்கும் அரசர் ஒருவரைக் கண்டடையாதவர். அதனால்தான் இந்தக் கேள்வி என்னை விடாமல் தொடர்கிறது.

நெடுவழி

நண்பரே, நீங்கள் 1966-இலிருந்து தொடங்குவதால் முக்கியமான ஒரு கட்டம் விடுபட்டுப்போகிறது. கன்பூசிய நூல்களை அடிப்படையாகக் கொண்ட அரசுப் பணித் தேர்வுகள் 1905-இல் ஒழிக்கப்பட்டபோதே கன்பூசியம் தன் நிறுவன அடித்தளத்தை இழந்துவிட்டது. 1919-இல் மாணவர்களும் அறிஞர்களும் எழுப்பிய மே நான்கு இயக்கமோ, சீனத்தின் பின்தங்கலுக்கே அதைத்தான் காரணம் காட்டியது. மெய்யியல் பொருளில் மறுமலர்ச்சி நிகழ்ந்தது, கம்யூனிஸ்டுகள் ஆட்சியைப் பிடித்த 1949-க்குப் பிறகு ஹாங்காங்கிலும் தைவானிலும் வெளிநாடுகளிலும் வாழ்ந்த அறிஞர்களிடம்தான். மோவ் சோங்சான், தாங் ஜுன்யி, ஷு ஃபுகுவான், ஜாங் ஜுன்மாய் ஆகிய நால்வரும் 1958 புத்தாண்டில் வெளியிட்ட அறிக்கை, சீனப் பண்பாட்டைச் செத்த பொருளாக வைத்து ஆராயாதீர்கள் என்று உலகிடம் கேட்டுக்கொண்டது. அந்த மரபு தன் உள்ளியல்பின்படியே மக்களாட்சியையும் அறிவியலையும் நோக்கி வளர வேண்டும் என்றும் வாதிட்டது. மோவ் இதை இன்னும் ஆழமாகக் கொண்டுசென்றார். நல்லவர் ஆட்சிக்கு வந்தால் நாடு தானே நலம்பெறும் என்ற பழைய நம்பிக்கை போதாது. அறவுள்ளம் தன்னைத் தானே ஒரு படி தாழ்த்திக்கொண்டு, சட்டத்துக்கும் நிறுவனங்களுக்கும் இடம்விட வேண்டும் என்றார். என் கணிப்பில், இருபதாம் நூற்றாண்டுக் கன்பூசியத்தின் மிகத் துணிவான கருத்து இதுவே. ஆட்சியாளர் எடுத்தாளும் மேற்கோள்களில் இதற்கு இடமில்லை.

மலைச்சாரல்

பெருநிலச் சீனாவிலும் இந்த இழை அறுந்துவிடவில்லை. 1974-இல், கன்பூசியஸைக் கண்டிக்கும் இயக்கம் உச்சத்தில் இருந்தபோது, எண்பது வயதைத் தாண்டிய கன்பூசியச் சிந்தனையாளர் லியாங் ஷுமிங், கன்பூசியஸைக் கண்டிக்க மறுத்தார். மாதக்கணக்கில் கூட்டம் கூட்டி லியாங்கை விமர்சித்துவிட்டு, இறுதியில் என்ன சொல்கிறீர்கள் என்று கேட்டபோது, அவர் ‘லுன்யு’விலிருந்தே ஒரு வரியைச் சொன்னார்: “முப்படையிடமிருந்து தளபதியைப் பறித்துவிடலாம், எளிய மனிதனிடமிருந்து அவனுடைய உறுதியைப் பறிக்க முடியாது.” இதன் பக்கத்தில் 2011-இல் நடந்ததை வைத்துப் பாருங்கள். ஜனவரியில் தியானன்மென் சதுக்கத்துக்கு அருகே, தேசிய அருங்காட்சியகத்தின் முன் நிறுவிய கன்பூசியஸின் 9.5 மீட்டர் வெண்கலச் சிலையை ஏப்ரலில் இரவோடு இரவாக அகற்றிவிட்டார்கள். சிலையை வைப்பதும் எடுப்பதும் அரசின் விருப்பம். லியாங்கின் பதிலை அப்படி எடுத்துவிட முடியவில்லை.

கார்த்திகைப்பூ

மேலே எழுதிய இருவரையும் மதிக்கிறேன். ஆனால் இந்த மரபு இல்லத்துக்குள் என்ன செய்தது என்பதை இருவருமே தொடவில்லை. தென்கொரியாவில் இருந்த ‘ஹோஜு’ என்ற குடும்பத் தலைவர் பதிவு முறைப்படி, தந்தை இறந்தால் தாயைத் தாண்டிச் சின்னஞ்சிறு மகனே குடும்பத் தலைவனாகப் பதிவானான். 2005-இல் அரசமைப்பு நீதிமன்றம் அம்முறை அரசமைப்புக்கு ஒவ்வாதது என்று தீர்ப்பளித்தது; அதை நீக்கக் கூடாது என்று உரக்கப் போராடியவர்கள் கன்பூசிய மரபினர்தான். பழங்காலக் கன்பூசியச் சிந்தனையாளரான சுன்சியின் நூலிலோ “நெறியைப் பின்பற்று, அரசனை அன்று, நீதியைப் பின்பற்று, தந்தையை அன்று” என்று தெளிவாக இருக்கிறது. அந்த வரியை ஒரு தாயின் பக்கம் நின்றும் வாசிக்கும் கன்பூசியத்தைத்தான் நான் மறுமலர்ச்சி என்று ஏற்பேன்.

இளவேனில்

மூவருக்கும் நன்றி. ‘லுன்யு’வின் 15-ஆம் அதிகாரத்தில், மாந்தநேயம் என்று வரும்போது ஆசிரியருக்கும் விட்டுக்கொடுக்க வேண்டாம் என்று ஒரு வரி வருகிறது, இருமுறையும் அதை வேகமாகக் கடந்துவிட்டிருக்கிறேன். அங்கிருந்து மறுபடி தொடங்கி, பிறகு சுன்சிக்கு வருகிறேன்.