ஓக்லாண்ட் ஏஸ்: ஊர் கைவிட்டுச்சா, ஓனர் கைவிட்டாரா?

ஃப்ரீமான்ட்_செல்வம்:
ஓக்லாண்ட் ஏஸ் பேஸ்பால் டீம் ஊரை விட்டுப் போனதுக்கு எல்லாரும் ஓனர் ஜான் ஃபிஷரையே திட்டுறீங்க. 2022ல சீசன் முழுக்க சேர்த்து 8 லட்சம் பேர் கூட அவங்க ஸ்டேடியமான கொலிசியம் பக்கம் வரல. டிரெஸ்ஸிங் ரூமுக்குள்ள சாக்கடை பொங்கின ஸ்டேடியம் அது. ஆள் வராத ஊர்ல எத்தனை வருஷம்தான் டீம் நடத்துறது?

ஈஸ்ட்பே_மலர்:
செல்வம் அண்ணே, ஏன் வரலன்னு கேளுங்க. 2019ல 97 மேட்ச் ஜெயிச்சாங்க, அப்ப 16 லட்சத்துக்கு மேல வந்தாங்களே, அதே ஊர், அதே ஓட்டை ஸ்டேடியம்தான? 2022 சீசன் ஆரம்பிக்கிறதுக்கு முன்னாடியே ஸ்டார் பிளேயருங்க மேட் ஓல்சனையும் மேட் சாப்மனையும் வேற டீமுக்கு அனுப்பிட்டு டிக்கெட் விலையையும் ஏத்தினா எவன் வருவான்? 2023ல 112 தோல்வி. டீமைக் காலி பண்ணிட்டு கூட்டம் இல்லன்னு சொல்றது எந்த ஊரு நியாயம்?

ஃப்ரீமான்ட்_செல்வம்:
சரிம்மா, ஆனா புது ஸ்டேடியத்துக்கு இங்க பேச்சு மட்டும்தான் நடந்துச்சு. எங்க ஃப்ரீமான்ட்லயே கட்டுறேன்னாங்க, 2009ல கைவிட்டாங்க. அப்புறம் ஓக்லாண்ட் துறைமுகத்துல ஹோவர்ட் டெர்மினல்னாங்க, அதுவும் போச்சு. லாஸ் வேகாஸ் இருக்கிற நெவாடா மாநிலம், அங்க ஸ்டேடியம் கட்ட 38 கோடி டாலர் வரைக்கும் தர்றேன்னுச்சு. எந்த முதலாளி வேண்டாம்பான்?

கொலிசியம்_பழனி:
நெவாடா சட்டசபையில ஓட்டெடுப்பு நடந்துட்டிருந்த அதே ஜூன் 13, 2023 ராத்திரி நான் ஸ்டேடியத்துல இருந்தேன். வழக்கமா ஈ ஓட்டுற இடத்துல 27,759 பேர். பாதிப் பேர் 'SELL' (வித்துடு)னு எழுதின பச்சை டீ-சர்ட். அஞ்சாவது இன்னிங்ஸ்ல முதல் பேட்டர் வந்தப்ப மொத்த ஸ்டேடியமும் எந்திரிச்சு நின்னு வாயே திறக்கல, அவர் ஆட்டம் முடிஞ்சதும் டீமை வித்துட்டுப் போன்னு கத்துனாங்க பாருங்க, எனக்கு இன்னிக்கு நினைச்சாலும் புல்லரிக்குது. ஊருக்கு அக்கறை இல்லன்னு மட்டும் சொல்லாதீங்க சார்.

ஃப்ரீமான்ட்_செல்வம்:
ஒரு நாள் வந்தா போதுமா? தினம் வரணும்ல. பாஸ்கெட்பால் டீம் வாரியர்ஸும் அமெரிக்கன் ஃபுட்பால் டீம் ரெய்டர்ஸும்கூட ஓக்லாண்டை விட்டுப் போனவங்கதான். ஊர் நிர்வாகத்துக்குப் பங்கே இல்லையா?

ஈஸ்ட்பே_மலர்:
நிர்வாகத்துக்குப் பங்கு இருக்கு, ஒத்துக்கிறேன். ரசிகனுக்கு இல்ல. 1972, 73, 74னு வரிசையா மூணு வேர்ல்ட் சீரிஸ் கோப்பை, 89ல பூகம்பத்துக்கு நடுவுல இன்னொண்ணு, எல்லாத்துக்கும் கூட நின்ன ஊர் இது. இப்ப சாக்ரமென்டோல மைனர் லீக் (கீழ்மட்ட லீக்) ஸ்டேடியத்துல வாடகைக் குடித்தனம், டீம் பேர்ல ஊர் பேரே இல்ல.

கொலிசியம்_பழனி:
கடைசி மேட்ச், 2024 செப்டம்பர் 26. 46,889 பேர். ஜெயிச்சும் யாரும் கிளம்பல. கிரவுண்ட்ஸ்மேன் மண்ணை அள்ளிக் கொடுத்தார், என் பக்கத்துல இருந்த பெரியவர் வாட்டர் பாட்டிலைக் காலி பண்ணி அதுல வாங்கிக்கிட்டார்.